ஜூராகான் வீட்டுச் சாவுக்கு வந்த பதினோரு பேர்

நான் வக்கீல். பொய்யை உண்மை மாதிரி எழுதிக் கொடுப்பதுதான் என் பிழைப்பு. அதனால் நான் சொல்வதை நீங்கள் நம்பமாட்டீர்கள் என்று தெரியும். நம்பாவிட்டால் போங்கள். ஆனால் இது நடந்தது. 2019 டிசம்பர் 14, சனிக்கிழமை. மதியம் 1.40-க்கும் 4.12-க்கும் இடையில். இருட்டு இல்லை. குடி இல்லை. தூக்கக் கலக்கம் இல்லை. பனிமேல் பட்டுக் கண் கூசுகிற அளவுக்கு நல்ல வெயில். பேய் வர ராத்திரி வேண்டும் என்று எவன் சொன்னானோ, அவனை ஒருநாள் என் காரில் ஏற்றிக் கொண்டுபோய் அந்த வீட்டு வாசலில் இறக்கிவிட வேண்டும்.

முதலில் கேஸைச் சொல்லிவிடுகிறேன். ஷப்தான் என் கட்சிக்காரன். நாற்பத்து நாலு வயது, குதிரை வளர்ப்பவன், வாய் கொஞ்சம் நீளம். பக்கத்து வீட்டில் ஜூராகான் என்ற விதவையும் அவள் மகள் ஜிபாரும் இருந்தார்கள். இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஓர் ஊற்று. மைனஸ் முப்பதிலும் உறையாது. எங்கள் நாரின் மலைப்பக்கம் அப்படி ஓர் ஊற்று இருந்தால் மாடு பிழைக்கும். மாடு பிழைத்தால் மனிதன் பிழைப்பான். ஒரு கோடையில் ஷப்தான் வேலியைப் பிடுங்கி நாலு மீட்டர் தள்ளி நட்டான். ஊற்று அவன் பக்கம் வந்துவிட்டது.

ஜூராகான் வழக்குப் போட்டாள். நான் அவனுக்காக வாதாடினேன். அக்டோபர் 17 அன்று தீர்ப்பு. தோற்றுப்போனோம்.

மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் கெடு. நவம்பர் 16-ஓடு முடிந்தது. அதுவரை அவன் போனைக்கூட எடுக்கவில்லை. நவம்பர் 27 அன்று, தொப்பியைக் கையில் கசக்கிக்கொண்டு என் அலுவலகத்துக்கு வந்து நின்றான்.

"எங்கடா போய்த் தொலைஞ்ச?"

"கெழவி படுத்த படுக்கையாயிட்டாண்ணே. பத்தாந்தேதி போயும் சேர்ந்துட்டா. ஆளு போனா கேஸும் கூடவே போயிரும்னு சும்மா இருந்துட்டேன்."

"எவன் சொன்னான் அப்படி?"

"எவனும் சொல்லல. நானாத்தான் நெனச்சேன்."

"ஆளைத்தான்டா புதைப்பாங்க. கேஸைப் புதைக்க மாட்டாங்க. அவ மக இருக்கால்ல?"

"அதான் வந்துட்டாளே! தீர்ப்பைத் தூக்கிக்கிட்டு, கோர்ட்டு ஆளையும் கூட்டிக்கிட்டு. வேலியைப் பிடுங்குன்னு நிக்குறா. பத்தொம்பது வயசுப் பொண்ணுண்ணே. ஊத்து மட்டும் இல்லன்னா ரெண்டு மாட்டையும் வித்துட்டு, வீட்டையும் வித்துட்டுப் போயிருவா."

அந்த வீட்டையும் வாங்கிப்போட அவனுக்கு ஆசை. எனக்கு அது தெரியும். தெரிந்துதான் வேலையைக் கையில் எடுத்தேன்.

பதினோரு நாள் தாமதம். நீதிபதி மன்னிக்க வேண்டும் என்றால் தகுந்த காரணம் வேண்டும். யோசித்தேன். அப்போது வந்த யோசனைக்காக என்னையே மெச்சிக்கொண்டேன். இன்றைக்கு நினைத்தால் காறித் துப்பத் தோன்றுகிறது.

எங்கள் ஊர்களில் ஒரு வீட்டில் சாவு விழுந்தால் மூன்றாம் நாள்தான் எடுப்பார்கள். அதுவரை தூரத்து ஊர்களிலிருந்து வருகிற ஆட்களை அக்கம்பக்கத்து வீடுகள் பிரித்துக்கொள்ளும். உனக்குப் பத்துப் பேர், எனக்கு எட்டுப் பேர். படுக்கை, சாப்பாடு எல்லாம் அந்தந்த வீட்டுப் பொறுப்பு. பகையாளி வீட்டுச் சாவாக இருந்தாலும் கதவைத் திறக்க வேண்டும்.

"நீ எத்தனை பேரை வீட்ல வச்சே?"

"நானா? கேட்டைத் தாழ் போட்டுட்டு நாயை அவுத்து விட்டுட்டேன்."

சிரித்தான். நானும் சிரித்தேன். அதை இப்போது மறைக்கப் போவதில்லை.

மாலை 5.25-க்கு மனுவைத் தட்டச்சு செய்தேன். பக்கத்து வீட்டு ஜூராகான் அம்மாளின் மறைவால் என் கட்சிக்காரர் துக்கத்தில் இருந்தார். சாவுக்கு வந்த பதினோரு பேரை மூன்று நாள் தன் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டார். ஒரு பெட்டைக் குதிரையும் இரண்டு ஆடுகளும் அறுத்தார். அந்த அலைச்சலில் கெடு தவறிவிட்டது. பதினோரு நாளுக்குப் பதினோரு விருந்தாளி இருந்தால் பார்க்க நன்றாக இருக்குமே என்று எழுதினேன். பெயர்களையும் போட்டேன். எல்லாம் என் தலையிலிருந்து வந்த பழைய காலத்துப் பெயர்கள். முதல் பெயர் கோஜோமுரத், வயது 80. ஊர் எல்லாம் கணவாய்க்கு அந்தப் பக்கம். பனியில் கணவாய் மூடிவிட்டால் மே மாதம் வரை நீதிமன்றம் யாரையும் சாட்சிக்குக் கூப்பிட முடியாது. அடியில் அவனும் நானும் கையெழுத்துப் போட்டோம்.

செத்தவளோடு நடந்த வழக்கில் கெடு தவறியதற்கு அவள் சாவையே காரணமாகக் காட்டினேன். இருபத்தாறு வருட அனுபவம் சும்மாவா?

டிசம்பர் 3 விசாரணை. ஜிபார் எழுந்து, "பொய். எங்க வீட்டுச் சாவுக்கு இவரு எட்டிக்கூடப் பாக்கல" என்றாள். ஆனால் அந்தப் பதினோரு பேரும் தங்கியதாக ஊர் அலுவலகத்தில் முத்திரை குத்திய சான்றிதழ் எங்கள் கையில் இருந்தது. அதை ஷப்தான் எப்படி வாங்கினான் என்று நான் கேட்கவில்லை. நீதிபதி தாமதத்தை மன்னித்தார்.

வெளியே வராந்தாவில் ஜிபார் என்னை நிறுத்தினாள். அழவில்லை. அழுதிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"வக்கீல் மாமா, நீங்க எழுதுன பதினோரு பேரும் இன்னும் வந்து சேரலையே."

"போம்மா. போய் வேலையைப் பாரு."

"வருவாங்க. நீங்க எழுதிட்டீங்கல்ல."

அவ்வளவுதான் சொன்னாள். எனக்கு எரிச்சலாக இருந்தது. அதற்குமேல் ஒன்றும் தோன்றவில்லை.

டிசம்பர் 14-க்கு வருகிறேன். மேல்முறையீட்டுக்கு வேலியை அளந்து ஒரு வரைபடம் வைக்க வேண்டியிருந்தது. ஷப்தானுக்கு இரண்டு நாளாகப் போன் போட்டேன், எடுக்கவில்லை. காரை எடுத்துக்கொண்டு நானே போனேன்.

1.40-க்கு அவன் வீட்டு வாசல்.

கேட் விரியத் திறந்து கிடந்தது. ஷப்தான் எப்போதும் கேட்டைத் திறந்து வைக்கிறவன் இல்லை. அவன் நாய் ஆளைக் கண்டால் சங்கிலியை அறுக்கும். அன்று வண்டிக்கு அடியில் சுருண்டு படுத்திருந்தது. என்னைப் பார்த்தது. குரைக்கவில்லை.

முற்றத்தில் இரத்தம் உறைந்து கிடந்தது. பக்கத்தில் ஒரு குதிரைத் தோல். சாம்பல் நிறம்... நெற்றியில் வெள்ளை. அவன் பந்தயத்துக்கு வளர்த்த பெட்டை அது. பெற்ற பிள்ளையைப் பார்ப்பதுபோலப் பார்த்துக்கொண்டவன். அதைப் போய் அறுப்பானா?

வீட்டு வாசலில் காலணிகள். வரிசையாக. எல்லாம் பழைய தோல் பூட்சுகள். பனியில் நடந்து வந்தவற்றில் பனி ஒட்டியிருக்க வேண்டும். இவற்றில் ஒரு பொட்டுக்கூட இல்லை. எண்ணினேன். வக்கீல் புத்தி.

பதினோரு ஜோடி.

கதவைத் திறந்தது அவன் மனைவி நுரிலா. முகம் வெளுத்திருந்தது. என் கையைப் பிடித்து அடுப்படிக்குள் இழுத்தாள்.

"அண்ணே, இவங்களை நீங்கதான் அனுப்பினீங்களா?"

"யாரை?"

"வக்கீல் எழுதி வச்சாரு, அதான் வந்தோம்னு சொல்றாங்க. வியாழக்கிழமை காலைல பத்து இருபதுக்கு வந்தாங்க. இன்னியோட மூணு நாளு."

"எந்த ஊராம்?"

"கணவாய்க்கு அந்தப் பக்கமாம்."

"கணவாய் மூடி ரெண்டு வாரமாச்சே..."

நுரிலா அடுப்பைக் காட்டினாள். அடுப்பில் நிலக்கரி செக்கச்சிவப்பாக எரிந்துகொண்டிருந்தது. பக்கத்திலேயே நின்றேன். கை விறைத்தது. என் மூச்சு வெள்ளையாக வெளியே வந்தது.

ஷப்தான் உள்ளே வந்தான். மூன்று நாளில் பத்து வயது கூடியிருந்தது. கையில் தட்டு நிறைய கறி.

"தொடவே மாட்டேங்குறாங்கண்ணே. குதிரையைக் கேட்டாங்க, அறுத்தேன். ரெண்டு ஆட்டைக் கேட்டாங்க, அறுத்தேன். மனுவுல எழுதியிருக்குன்னு சொல்றாங்க. வச்சா, அப்படியே திரும்பி வருது. பாருங்க."

தட்டைப் பார்த்தேன். பத்து நிமிடம் முன்னால் கொதிக்கக் கொதிக்கப் பரிமாறிய கறி. மேலே வெள்ளையாக உறைபனி படர்ந்திருந்தது.

"விரட்ட வேண்டியதுதானே?"

"நீங்க போய் விரட்டுங்க, பாக்கலாம்."

2.15. பெரிய அறையின் கதவைத் தள்ளினேன்.

சுவரை ஒட்டி, மெத்தை விரிப்புகளின் மேல் உட்கார்ந்திருந்தார்கள். வயதுப்படி, ஒழுங்காக. ஆண்கள் கம்பளித் தொப்பியில். பெண்கள் தலையில் வெள்ளைத் துணியை உயரமாகச் சுற்றிக் கட்டியிருந்தார்கள். அந்தக் கட்டை நான் பழைய புகைப்படங்களில்தான் பார்த்திருக்கிறேன். யாரும் பேசவில்லை. யாரும் இருமவில்லை. அவர்கள் மூச்சு மட்டும் வெள்ளையாக வெளியே வரவில்லை.

முன்னால் ரொட்டி அடுக்கியிருந்தது. எங்கள் வழக்கத்தில் விருந்தாளி ரொட்டியை ஒரு துண்டாவது பிட்டு வாயில் போட வேண்டும். ஒரு ரொட்டியைக்கூட யாரும் பிட்டிருக்கவில்லை.

மேல்பக்கம் உட்கார்ந்திருந்த கிழவர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார். தெரிந்தவனைப் பார்ப்பதுபோல.

"வாங்க தம்பி. நான் கோஜோமுரத்."

என் தலையிலிருந்து எடுத்த பெயர்... அலுவலகத்தில் உட்கார்ந்து, டீயைக் குடித்துக்கொண்டே நான் கற்பித்த பெயர்.

அந்த அறையிலேயே எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. சுவர்க் கடிகாரம் 3.05 காட்டியது.

"மூணு நாளாச்சு" என்றார் கிழவர். "எடுத்துற வேண்டியதுதானே? நாங்க ஊர் போய்ச் சேரணும்."

"யாரை... எடுக்கிறது?"

கிழவர் கண்ணை உயர்த்தினார். என் தோளுக்குப் பின்னால் பார்த்தார். எல்லோரும் அங்கேயே பார்த்தார்கள். திரும்பினேன்.

பின்னால் ஷப்தான் நின்றான். கையில் அதே தட்டு.

அப்போதுதான் எண்ணினேன். உட்கார்ந்திருந்தது பத்துப் பேர்.

ஷப்தான் என் சட்டையைப் பிடித்தான். "அண்ணே, வாபஸ் வாங்கிருவோம். ஊத்தும் வேணாம், ஒரு மண்ணும் வேணாம். இப்பவே எழுதுங்க. எழுதுங்கண்ணே!"

பையிலிருந்து தாளை எடுத்தேன். 3.31. பேனா எழுதவில்லை. மை உறைந்திருந்தது. வாயில் வைத்துச் சூடு பண்ணினேன். எழுதினேன். மேல்முறையீட்டைத் திரும்பப் பெறுகிறேன். ஊற்று ஜிபாருடையது. வேலியைப் பிடுங்கிவிடுகிறேன். அவன் கையெழுத்துப் போட்டான். 3.44.

தாளைக் கிழவரிடம் நீட்டினேன்.

அவர் வாங்கவில்லை. "எங்ககிட்ட எதுக்குக் குடுக்குறீங்க? வழக்குப் போட்டவங்க இருக்காங்கல்ல" என்றார்.

பின்பக்கக் கதவு திறந்தது.

இரண்டு கைகளிலும் தண்ணீர் வாளியோடு ஒரு பெண் உள்ளே வந்தாள். சாம்பல் நிறச் சால்வை. வாளிகளைக் கீழே வைத்தாள். தண்ணீர் தளும்பியது... சத்தம் வரவில்லை. மூன்று மாதம் நீதிமன்றத்தில் எதிர் நாற்காலியில் பார்த்த முகம்.

ஜூராகான்.

நுரிலா அடுப்படியில் எதையோ கீழே போட்டு உடைத்தாள்.

ஜூராகான் சால்வை நுனியில் கையைத் துடைத்தாள். தாளை வாங்கினாள். நிதானமாகப் படித்தாள்.

"தேதி போடலையே."

போட்டேன். என் கை எழுதியதை நானே படிக்க முடியவில்லை.

"டிசம்பர் பதினாலு." தலையை ஆட்டினாள். "கெடு தாண்டிருச்சே, வக்கீலய்யா."

தாளிலிருந்து நிமிர்ந்தாள்.

"தாமதத்துக்குக் காரணம்?"

ஷப்தான் என்னைப் பார்த்தான். எழுதிக் கொடுங்கள் என்று கெஞ்சுகிற பார்வை. இருபத்தாறு வருடமாக ஊரார் தாமதத்துக்கெல்லாம் காரணம் எழுதியவன் நான். காய்ச்சல், பனிச்சரிவு, தபால், கல்யாணம், வெள்ளம்... ஒன்று கூட வாயில் வரவில்லை.

"என் சாவைச் சொல்லிறாதீங்க" என்றாள் ஜூராகான். "அதை ஏற்கெனவே செலவழிச்சுட்டீங்க."

கடிகாரம் ஓடியது. அவள் காத்திருந்தாள். நீதிபதிகள் காத்திருப்பதுபோல. எங்களுக்கு ஒரு வாய்ப்புக் கொடுப்பதுபோல.

"அம்மா... மன்னிச்சுருங்க" என்றான் ஷப்தான்.

"அது காரணம் இல்லையே, தம்பி."

தாளை நாலாக மடித்தாள். என் சட்டைப் பையில் செருகினாள். அவள் விரல் பட்ட இடம் இன்றைக்கும் குளிர்காலத்தில் மரத்துப் போகிறது.

"தள்ளுபடி."

உட்கார்ந்திருந்த பத்துப் பேரும் எழுந்தார்கள். ஒரே நேரத்தில். துணி உரசும் சத்தம்கூட இல்லை.

ஆண்கள் வாசலுக்குப் போனார்கள். கேட் பக்கம் வரிசையாக நின்றார்கள். இடுப்பில் கை. குனிந்த தலை. சாவு வீட்டுக்கு முன்னால் ஆண்கள் நிற்கிற நிலை.

ஓலம் எழுந்தது.

"ஓ... என் தம்பீ... ஷப்தான்... என் தம்பீ..."

உள்ளே பெண்கள் பாட்டெடுத்தார்கள். ஒப்பாரி. ஷப்தான் நல்லவனாம். அவன் குதிரை நல்லதாம். போய்விட்டானாம்.

அவன் என் பக்கத்தில் நின்றான். உயிரோடு. அந்தக் குளிரில் வியர்த்துக் கொட்டியது.

"அண்ணே... நான் இங்கதானே இருக்கேன்? சொல்லுங்கண்ணே அவங்ககிட்ட!"

என் கையைப் பிடித்தான்.

உதறினேன்.

ஓடினேன்.

காரைக் கிளப்பியபோது மணி 4.12. கண்ணாடியில் பார்த்தேன். கேட்டில் யாரும் இல்லை. ஷப்தான் மட்டும் தாழ்ப்பாளை இழுத்து இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தான். தாழ் விழவேயில்லை.

6.05-க்கு நுரிலா போன் செய்தாள். 4.50-க்கு அவன் போய்விட்டான். கேட்டுக்குப் பக்கத்தில், கையில் தாழ்ப்பாளோடு. மாரடைப்பு என்று டாக்டர் எழுதினார். நீதிமன்றம் மன்னித்த பதினோரு நாள் அன்றோடு முடிந்தது என்று நான் அப்புறம்தான் கணக்குப் போட்டேன். டிசம்பர் 3-லிருந்து 14.

அவர்களை நுரிலாவும் பார்த்தாள். அது ஒன்றுதான் எனக்கு ஆறுதல். ஆனால் அதைப் பற்றி அவள் என்னிடம் பேசுவதில்லை. கட்சிக்காரர் இறந்துவிட்டார், வாரிசுகள் வழக்கைத் தொடர்கிறார்களா என்று நீதிமன்றம் அவளைக் கேட்டது. வேண்டாம் என்று ஒரே வரியில் எழுதிக் கொடுத்தாள். கெடுவுக்குள். வேலி பழைய இடத்துக்குப் போய்விட்டது.

நான் அடக்கத்துக்குப் போகவில்லை. பயம். கட்சிக்காரனைக் கைவிட்ட வெட்கமும்தான்.

டிசம்பர் 16, அடக்கத்தன்று மாலை 7.20-க்கு ஒரு போன். ஜிபார்.

"மாமா, சாவுக்கு வந்தவங்க ஒம்போது பேரு எங்க வீட்லதான் தங்கியிருந்தாங்க. இப்பத்தான் வழியனுப்பினேன். உங்களைத்தான் எல்லாரும் கேட்டாங்க."

"உடம்பு சரியில்லம்மா."

"சரி, இருக்கட்டும். ஒரு விஷயம். இன்னைக்குக் காலைல நம்ம ஆளுங்க கடப்பாரையும் டயரும் எடுத்துக்கிட்டுக் குழி வெட்டப் போனாங்க. நெலம் இரும்பு மாதிரி இருக்குல்ல, நெருப்பு வச்சாத்தான் வெட்ட முடியும். போய்ப் பாத்தா, எங்கம்மாவுக்குப் பக்கத்துல குழி ரெடியா வெட்டியிருக்கு. ஊர்ல யாரும் வெட்டல, மாமா. விசாரிச்சுட்டோம்."

போனை மறு காதுக்கு மாற்றினேன்.

"உள்ள பனி கெடந்துச்சு. ஒரு முழம், கெட்டியா. நாம கோர்ட்டுக்கு வந்த அன்னைக்குத்தானே கடைசியாப் பனி பேஞ்சுது? அதுக்கப்புறம் ஒரு பொட்டு இல்லையே. அப்ப அதுக்கு முன்னாடியே வெட்டுனதுதானே?"

மனு தட்டச்சு செய்த நவம்பர் 27 மாலை நினைவுக்கு வந்தது. போன் என் காதில் குளிர்ந்தது.

"எதுக்குக் கேக்குறேன்னா..." ஜிபாரின் குரலில் கோபமே இல்லை. அதுதான் தாங்க முடியவில்லை. "வெட்டியிருக்கிறது ரெண்டு குழி, மாமா. ஒண்ணுல அவரை வச்சாச்சு. இன்னொண்ணை மூடலாம்னு பாத்தா, போடுற மண்ணு உள்ள நிக்கவே மாட்டேங்குது. எங்க ஊர்ல வேற யாரும் படுத்துக் கெடக்கல. அந்த மனுவுல கையெழுத்துப் போட்டது நீங்க ரெண்டு பேருதானே?"